வில் ராஜர்ஸ் பண்ணை: வீடு எரிந்தபின் காக்க அங்கே என்ன மிச்சம்?

#1 மேய்ச்சல்நிலம்

நடிகர்களின் பண்ணைகள் பற்றிய பொது இழையில் இந்தப் பேச்சு நடுநடுவே வந்து நின்றுபோகிறது. அதனால் தனியாகத் தொடங்குகிறேன்.

லாஸ் ஏஞ்சலஸ் மேற்கே, பசிபிக் பாலிசேட்ஸ் மலைச்சரிவில் அமெரிக்க நடிகர் வில் ராஜர்ஸின் 186 ஏக்கர் பண்ணை. 1944 முதல் கலிஃபோர்னியா மாநிலத்தின் வரலாற்றுப் பூங்கா. 31 அறை வீடு, குதிரை லாயம், சுருக்குக்கயிறு வீசும் களம், போலோ மைதானம் எல்லாம் அவர் விட்டுப்போன நிலையிலேயே காக்கப்பட்டு வந்தன. 2025 ஜனவரி 7 அன்று கிளம்பிய பாலிசேட்ஸ் காட்டுத்தீயில் வீடும் லாயமும் போய்விட்டன.

மூன்று கேள்விகள். அந்த வீடு எப்படி உருவானது? எண்பது ஆண்டு காத்த கட்டடம் ஒரே நாளில் எப்படிப் போகிறது? மறுபடி கட்டினால் அதைப் பழைய வீடு என்று சொல்ல முடியுமா? விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள். அளவு, பொருள், செய்முறை எதையும் சுருக்க வேண்டாம்.

#2 பழம்படம்

முதல் கேள்விக்கு வருகிறேன்.

ராஜர்ஸ் பிறந்தது 1879 நவம்பர் 4. ஊர் ஊலகா, இன்றைய ஓக்லஹோமா. அன்று அது செரோக்கி என்ற அமெரிக்கப் பூர்வகுடி மக்களின் தேசம், அவரும் செரோக்கி. மாடு மேய்க்கும் வேலைக்கான கயிற்றைக் கையில் எடுத்து, அதையே வித்தையாக்கி, தென்னாப்பிரிக்காவில் சுற்றிய ஒரு காட்சிக் குழுவில் சேர்ந்து, பிறகு நியூயார்க் மேடைக்கு வந்தார். கயிறு சுழற்றிக்கொண்டே நாட்டுநடப்பைப் பேசுவதுதான் அவர் பாணி. 1918இல் முதல் படம். 1919இல் குடும்பத்தோடு கலிஃபோர்னியா. பேசும்படம் வந்தபின்தான் அவருக்கு உண்மையான ஏறுமுகம், ஏனென்றால் அவர் சொத்தே பேச்சு. 1934இல் திரையரங்கு உரிமையாளர்கள் வாக்கெடுப்பில் வசூல் நட்சத்திரங்களில் முதலிடம் அவருக்கு.

நிலம் வாங்கத் தொடங்கியது 1920களின் தொடக்கத்தில். அப்போது குடியிருந்தது பெவர்லி ஹில்ஸில். மலைமேல் இருந்தது வார இறுதிக்கான சின்ன மரவீடு, அவ்வளவுதான். 1928இல் குடும்பம் நிரந்தரமாக இங்கே வந்தது. அதன்பிறகு அறைமேல் அறையாகச் சேர்த்துக்கொண்டே போனார்கள். கடைசியில் 31 அறை, 11 குளியலறை, 7 கணப்படுப்பு. கட்டடம் இரண்டு சிறகாக வளர்ந்து, நடுவில் ஒரு திறந்த முற்றத்தால் சேர்ந்தது. படுக்கையறைகள் ஒரு பக்கம், பெரிய கூடம் இன்னொரு பக்கம்.

இதை ஏன் வற்புறுத்துகிறேன் என்றால், பலர் இதை ஒரே திட்டத்தில் கட்டிய மாளிகை என்று நினைக்கிறார்கள். இல்லை. தேவை வந்தபோதெல்லாம் ஒட்டுப்போட்ட வீடு. லாயமும் அப்படித்தான்: பழைய கொட்டகை ஒன்றை இரண்டாக அறுத்து, இரு பாதியையும் தள்ளி வைத்து, நடுவில் வட்டக் கூடம் ஒன்றை எழுப்பிச் சேர்த்தார்கள். அந்த வட்டக் கூடத்தின் மேற்கூரைதான் பண்ணையின் அடையாளம் மாதிரி இருந்தது.

1935 ஆகஸ்ட் 15 அன்று அலாஸ்காவில் பாயின்ட் பேரோ பக்கம் நடந்த விமான விபத்தில் ராஜர்ஸும் விமானி வைலி போஸ்டும் இறந்தார்கள். மனைவி பெட்டி 1944இல் இறந்ததும் பண்ணை மாநிலத்திடம் வந்தது. 1971இல் தேசிய வரலாற்றுச் சின்னங்களின் பதிவேட்டில் ஏறியது. பின்னர் பெரிய சீரமைப்புக்காக மூடி, 2006இல் மறுபடி திறந்தார்கள். 1930களின் நடுப்பகுதியில் இருந்த தோற்றத்தைத்தான் அந்தச் சீரமைப்பு இலக்காக வைத்தது.

#3 தாம்புக்கயிறு

வீட்டின் பெரிய கூடத்தைப் பற்றி ஒன்று விட்டுப்போயிற்று. அதன் மேற்கூரை உயர்த்தப்பட்டது, கயிறு சுழற்றுவதற்காக. இதைத் துணுக்குச் செய்தி மாதிரி எழுதுகிறார்கள். கயிறு பிடித்தவர்களுக்கு அது முழுக்க நியாயமான கட்டட வேலை. விளக்குகிறேன்.

வித்தைக்கயிறு வேறு, மாடு பிடிக்கிற கயிறு வேறு. மாடு பிடிப்பதற்கு விறைப்பான கயிறு வேண்டும். வீசியபின் வளையம் திறந்தே நிற்க வேண்டும். வித்தைக்குப் பின்னிய பருத்திக் கயிறு, கிட்டத்தட்ட 10 மில்லிமீட்டர் தடிப்பு, துவளக்கூடியது. நுனியில் ஒரு சின்னக் கண். அதன் வழியாகக் கயிறு ஓடித்தான் வளையம் உண்டாகிறது. அந்தக் கண்ணுக்குக் கொஞ்சம் எடை இருந்தால் வளையம் விரிந்து நிற்கும்.

தரைக்கு இணையாகச் சுழற்றும் அடிப்படை வளையத்துக்கு 4 முதல் 5 மீட்டர் கயிறு போதும். இதற்குச் சாதாரண அறையே இடம் கொடுக்கும். செங்குத்தாகச் சுழற்றி அதற்குள் ஆள் பக்கவாட்டில் தாவிப் போகும் வித்தை இருக்கிறதே, அங்கேதான் சிக்கல். ஆள் புகுவதற்கு வளையம் 2 மீட்டருக்குக் குறையக்கூடாது. கீழே தரையைத் தொடாத இடைவெளி வேண்டும், மேலே கையின் வீச்சு வேண்டும். 2.4 மீட்டர் கூரையில் வளையத்தின் உச்சி இடித்தவுடன் வேகம் போய்விடும். வேகம் போனால் வளையம் சரிந்து கழுத்தில் விழும்.

பழகுகிறவர்கள் எல்லோரும் செய்யும் பிழை இன்னொன்று. சுழலும்போது கயிற்றில் முறுக்கு ஏறிக்கொண்டே இருக்கும். ஒவ்வொரு சுற்றுக்கும் கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே கயிற்றை உருட்டி முறுக்கை வெளியே விட வேண்டும். இறுக்கிப் பிடித்தால் பத்துச் சுற்றுக்குள் கயிறு எட்டுப்போல் மடிந்துகொள்ளும். ராஜர்ஸின் 1922 படம் 'தி ரோப்பின் ஃபூல்' பாருங்கள். கயிறு கண்ணுக்குத் தெரிய வேண்டும் என்பதற்காக அதற்கு வெள்ளை பூசி, கறுப்புக் குதிரையைப் பின்னால் நிறுத்தி, மெதுவோட்டத்தில் எடுத்திருக்கிறார்கள். அவர் விரல்கள் கயிற்றை உருட்டிக்கொண்டே இருப்பது தெளிவாகத் தெரியும். ஒரே நேரத்தில் மூன்று கயிறு வீசி, ஒன்று குதிரையின் கழுத்துக்கு, ஒன்று மேலிருக்கும் ஆளுக்கு, ஒன்று குதிரையின் நான்கு காலுக்கும் போடுவதும் அதில் உண்டு.

அந்தக் கூடத்தில்தான் பாடம் செய்த கன்றுக்குட்டி ஒன்று நின்றது. ஓவியர் எட் போரைன் கொடுத்தது. வருகிற விருந்தாளிகள் மேலெல்லாம் ராஜர்ஸ் கயிறு வீசுவதைப் பார்த்து, இதன்மேல் வீசுங்கள் என்று கொடுத்தாராம். தாழ்வாரத்தில் தொங்க வேண்டிய ஊஞ்சலும் கூடத்தின் நடுவிலேயே தொங்கியது. மொத்தத்தில், வரவேற்பறை என்ற பெயரில் அது ஒரு பயிற்சிக்கூடம்.

#4 மேய்ச்சல்நிலம்

நன்றி. கூரை ஏன் உயர்ந்தது என்பதற்கு இவ்வளவு தெளிவான காரணத்தை நான் படித்ததில்லை.

அடுத்த கேள்வி. பண்ணையைச் சுற்றி இவ்வளவு புல்வெளி இருந்தும் வீடு எரிந்தது எப்படி? நெருப்பு புல்லைத் தாண்டி வந்ததா?

#5 வன்னிமரம்

நெருப்பு நடந்து வரவில்லை, பறந்து வந்தது என்று வைத்துக்கொள்ளுங்கள். குறிப்பிட்ட அந்த வீட்டில் முதல் கங்கு எங்கே விழுந்தது என்று நான் சொல்லப்போவதில்லை. இந்த மாதிரி மலையில் இந்த மாதிரி மரவீடுகள் எரியும் விதத்தைச் சொல்கிறேன்.

சாண்டா அனா என்பது உள்நாட்டுப் பாலைநிலத்திலிருந்து கடலைப் பார்த்து மலையிறங்கி வீசும் வறண்ட காற்று. இறங்க இறங்க அழுத்தம் கூடிச் சூடாகும், ஈரப்பதம் சரியும். 2025 ஜனவரியில் வீசிய காற்று சில மலைமுகடுகளில் மணிக்கு 130 கிலோமீட்டரைத் தாண்டியது. அதற்கு முந்தைய இரண்டு குளிர்காலங்களில் நல்ல மழை பெய்து புதர்கள் செழித்திருந்தன. அடுத்து வந்த பல மாதங்களில் சொல்லும்படி மழையே இல்லை. செழித்து வளர்ந்ததெல்லாம் விறகாகிவிட்டது. அந்தத் தீயில் 23,000 ஏக்கருக்கு மேல் எரிந்தது, 6,800க்கும் மேற்பட்ட கட்டடங்கள் அழிந்தன, 12 பேர் இறந்தார்கள். இதையெல்லாம் மனதில் வைத்துக்கொண்டுதான் ஒரு நடிகரின் வீட்டைப் பற்றிப் பேச வேண்டும்.

இப்படிப்பட்ட காற்றில் கங்குகள் தீமுகத்துக்கு ஒரு கிலோமீட்டருக்கும் அப்பால் போய் விழும். ஈரப் புல்வெளி பக்கத்து நெருப்பை நிறுத்தும், மேலே பறக்கும் கங்கை நிறுத்தாது. கங்கு நுழையும் இடங்கள் எப்போதும் இவைதான்:

இறவாரத்திலும் மச்சிலும் உள்ள காற்றுத்துளைகள். பழைய கட்டடங்களில் அங்கே இருப்பது 6 மில்லிமீட்டர் கண் வலை. அது எலியை நிறுத்தும், கங்கை நிறுத்தாது. கலிஃபோர்னியாவின் இன்றைய விதி 1.6 முதல் 3.2 மில்லிமீட்டருக்குள் கண் இருக்கச் சொல்கிறது. அதற்கும் கீழே குறைத்தால் தூசும் வண்ணப்பூச்சும் அடைத்துக்கொண்டு மச்சில் ஈரம் தங்கும், கட்டை உளுக்கும். ஆகவே ஆண்டுக்கு ஒருமுறையாவது வலையைத் துலக்க வேண்டும்.

கூரையின் உள்மூலைகள். இரண்டு கூரைச் சரிவு சேரும் பள்ளத்தில் சருகு சேரும். ஒட்டுப்போட்டு வளர்ந்த வீட்டுக்கு இந்தப் பள்ளங்கள் மிக அதிகம். பழம்படம் அவர்கள் #2இல் சொன்ன வளர்ச்சி முறையே தீயின் கண்ணில் பார்த்தால் பலவீனம்.

சுவரின் அடி. வீட்டைச் சுற்றி முதல் 1.5 மீட்டர் அகலத்துக்கு எரியக்கூடிய எதுவும் இருக்கக்கூடாது. மரப்பட்டைத் தூள், கொடி, மரவேலி, விறகுக் கட்டு எதுவும். பழைய பண்ணைவீடுகளில் கொடி படர்வதுதான் அழகே. அந்த அழகோடு ஒவ்வொரு முறையும் சண்டை போட வேண்டியிருக்கிறது.

இன்னொன்று யூகலிப்டஸ். நீலகிரியில் கற்பூரமரம் என்று சொல்கிறோமே, அதே இனம். அந்தப் பண்ணையின் வழிநெடுக அவை நின்றன. பட்டை நாடா நாடாவாக உரியும், எண்ணெய் நிறைந்தது, காற்றில் எரிந்தபடியே வெகுதூரம் பறக்கும். அந்தச் சாலைமரங்கள் பண்ணையின் வரலாற்றுத் தோற்றத்தில் ஒரு பகுதி. அவற்றை வெட்டினால் காட்சி போகும், வெட்டாவிட்டால் ஆபத்து. நடுவழி ஒன்று உண்டு: கட்டடத்திலிருந்து 30 மீட்டருக்குள் இருப்பதை எடுத்துவிட்டு, மற்றவற்றில் கீழ்க்கிளைகளைக் கழித்து, உரிந்த பட்டையை ஆண்டுதோறும் அகற்றுவது.

#6 பழம்படம்

அலுமினியத் தாள் சுற்றிக் காப்பார்களே? 2021இல் கலிஃபோர்னியாவின் செக்கோயா தேசியப் பூங்காவில் காட்டுத்தீ வந்தபோது ஜெனரல் ஷெர்மன் என்ற பெரிய மரத்தின் அடியைச் சுற்றினார்கள்.

#7 வன்னிமரம்

நல்ல முறைதான், ஆனால் நேரம் வேண்டும். அது கண்ணாடியிழைத் துணியில் அலுமினியப் படலம் ஒட்டிய தாள். கீழிருந்து மேலாகச் சுற்ற வேண்டும். மேல்தாள் கீழ்த்தாளின்மேல் ஒரு சாண் அளவு ஏறி நிற்க வேண்டும், ஓடு வேய்வதுபோல. மடிப்பு விழும் இடமெல்லாம் ஸ்டேப்ளர் ஊசி அடிக்க வேண்டும். காற்றுத்துளை, தாழ்வாரத்தின் அடி, புகைபோக்கியின் வாய் ஆகியவற்றை முதலில் மூட வேண்டும். கதிர்வீச்சு வெப்பத்தைப் பெரும்பாலும் திருப்பிவிடும். நெருப்பு கடந்து போகும் சில நிமிடங்களுக்குத்தான் இது. பக்கத்திலேயே ஒரு கட்டடம் மணிக்கணக்கில் எரிந்தால் தாள் தாங்காது. பலத்த காற்று ஒரு ஓரத்தைத் தூக்கிவிட்டால் முழுத் தாளும் கிழிந்து பறக்கும்.

சின்ன மரக்குடிலுக்கே ஒரு குழுவுக்குப் பல மணிநேரம் ஆகும். 31 அறை வீட்டுக்கு, காலையில் கிளம்பிய தீ அன்றே வந்து சேரும் நிலையில், நினைத்துப் பாருங்கள். அன்று பூங்கா ஊழியர்கள் செய்தது சரியான முடிவு: குதிரைகளை வெளியேற்றினார்கள், ஓவியங்கள் உட்பட எடுக்க முடிந்த பொருள்களை எடுத்தார்கள். அவர்களுக்கு நாம் எல்லோரும் கடன்பட்டிருக்கிறோம்.

பொருள் மீட்புக்கு ஒரு நடைமுறை உண்டு. ஒவ்வோர் அறைக்கும் ஒரு தாள்; அதில் முதலில் எடுக்க வேண்டிய சில பொருள்களின் படம், எடை, எத்தனை பேர் தூக்க வேண்டும், சுவரில் எந்தத் திருகில் மாட்டியிருக்கிறது, எந்தக் கருவி வேண்டும் என்பதெல்லாம் இருக்கும். அந்தத் திருகாணிக் கருவி வீட்டிலேயே, கதவருகே இருக்க வேண்டும். திருட்டுக்குப் பயந்து போட்ட பூட்டுத்திருகு தீ வரும்போது எதிரியாகிவிடும். பல இடங்களில் படம் சுவரிலேயே போவது இதனால்தான். நவஹோ பூர்வகுடிகள் நெய்த விரிப்புகளை மடிக்கக்கூடாது, உருளையில் சுருட்ட வேண்டும். சேணங்களைக் கவிழ்த்து அடுக்கக்கூடாது, தோல் மடிந்த இடத்தில் வெடிக்கும்.

#8 சுண்ணாம்புக்காரை

எரிந்தபின் நடக்கும் வேலையைப் பற்றி எழுதுகிறேன். இங்கேதான் அவசரத்தில் பெரிய இழப்பு நடக்கும்.

எல்லாம் சாம்பலான பிறகு நிற்பவை கல்லும் செங்கல்லும்: புகைபோக்கி, கணப்படுப்பு, கடைக்கால், படிகள். நிற்கிறதே என்று நம்பக்கூடாது. கல்லின் நிறத்தைப் பாருங்கள். இரும்புச்சத்துள்ள கல்லும் சாந்தும் 250 முதல் 300 பாகை செல்சியஸில் இளஞ்சிவப்பாகும். அந்த நிறம் எவ்வளவு ஆழம் போயிருக்கிறது என்று ஒரு சின்னத் துளையிட்டுப் பார்த்தால் வெப்பம் உள்ளே எதுவரை போனது என்று தெரியும். 573 பாகையில் குவார்ட்ஸ் திடீரென விரியும். மணற்கல்லும் கருங்கல்லும் செதில் செதிலாகத் தெறிப்பது அங்கே. 800 பாகையைத் தாண்டினால் சுண்ணாம்புக்கல்லும் பழைய சுண்ணச்சாந்தும் மறுபடி சுட்ட சுண்ணாம்பாகிவிடும்.

ஆபத்து அப்போது தெரியாது. முதல் மழை வரும்போது தெரியும். சுட்ட சுண்ணாம்பு நீர் பட்டால் நீறிப் பெருக்கும் என்பது வெற்றிலைக்குச் சுண்ணாம்பு போடுகிறவர்களுக்கும் தெரிந்ததுதான். சுவரின் உள்ளே அது நடந்தால் மூட்டுகள் பிதுங்கிக் கல் உதிரும். ஆகவே முதல் வேலை, புகைபோக்கியின் உச்சியை மூடி, நான்கு பக்கமும் முட்டுக்கொடுத்து, பட்டை கட்டுவது. அது நிலநடுக்கப் பகுதியும்கூட. கம்பி இல்லாத தனிப் புகைபோக்கி, சுற்றியிருந்த மரச்சட்டத்தின் பிடிப்புப் போனபின், சின்ன அதிர்வுக்கே விழும்.

இரண்டாவது சாம்பல். அந்தக் காலத்து வண்ணப்பூச்சில் ஈயம் இருந்தது, குழாய் உறையிலும் தரை ஓட்டிலும் கல்நார் (ஆஸ்பெஸ்டாஸ்) இருந்திருக்கலாம். ஆகவே பொது விதி, முழுசாக வாரி லாரியில் ஏற்றுவது. மரபிடத்தில் அப்படிச் செய்தால் பூட்டு, கீல், கொண்டி, கதவுக் கைப்பிடி, லாடம், சேணக் கொக்கி எல்லாம் குப்பையோடு போய்விடும். சரியான முறை: தளத்தை அறை அறையாக, ஒரு மீட்டர் அல்லது இரண்டு மீட்டர் கட்டங்களாகக் கயிறு கட்டிப் பிரிப்பது. ஒவ்வொரு கட்டத்தையும் படம் எடுத்தபின், தூசி பறக்காமல் நீர்த்தூவல் போட்டு, 6 மில்லிமீட்டர் சல்லடையில் சலிப்பது. நுண்ணிய பொருள் எதிர்பார்க்கும் இடத்தில் 3 மில்லிமீட்டர். நீர் தூவல்தான், பாய்ச்சல் அல்ல. நிறைய நீர் விட்டால் சாம்பலின் காரம் உலோகத்தை அரிக்கும், சாம்பலும் கெட்டியாகி ஒட்டிக்கொள்ளும். எடுத்த இரும்பை உடனே உலர்த்திக் காற்றுப்புகாத பெட்டியில் ஈரமுறிஞ்சியோடு வைக்க வேண்டும். ஒரு வாரம் வெளியே கிடந்தால் துரு செதிலாகும்.

மூன்றாவது மலைச்சரிவு. புதர் எரிந்த மண்ணின் மேல் மெழுகு மாதிரி ஒரு படலம் சேரும், மழைநீர் உள்ளே இறங்காது, சேற்றோடு உருண்டு வரும். வைக்கோல் உருளைகளைச் சமமட்டக் கோட்டில் போட வேண்டும். வெறுமே மண்மேல் போட்டால் நீர் அடியில் அரித்துப் போய்விடும். 5 முதல் 8 சென்டிமீட்டர் பள்ளம் வெட்டி உட்காரவைத்து, 1.2 மீட்டருக்கு ஒரு முளை அடித்து, மேல்பக்கம் மண் அணைக்க வேண்டும். பெரும்பாலான உருளைகள் தோற்பது பள்ளம் வெட்டாததால்.

#9 செம்மண்சுவர்

மரவீடு மட்டும்தான் போகும், மண்வீடு நிற்கும் என்ற பேச்சு வந்துவிடும் என்பதால் முன்கூட்டியே ஒன்று. கார்ல்ஸ்பாட் ஊரில் நடிகர் லியோ காரில்யோவின் பண்ணை இருக்கிறது. 1937இல் வாங்கினார், 1961இல் இறந்தார், மிஞ்சிய 27 ஏக்கரை நகராட்சி 2003இல் பூங்காவாகத் திறந்தது. அங்கே சுடாத மண்கல் கட்டடங்கள். முற்றத்தில் மயில்கள் திரிகின்றன, நம் நாட்டு நீல மயில்தான்.

மண்சுவர் எரியாது, உண்மை. ஆனால் அதன் எதிரி நீர். சுவரின் அடி ஈரம் உறிஞ்சி, உப்புப் பூத்து, உள்வாங்கித் தேயும். அதை மறைக்கச் சிமென்ட் பூசுவார்கள். சிமென்ட் ஈரத்தை வெளியே விடாது. உள்ளே மண் இளகி, ஒரு நாள் சிமென்ட் ஓடு மட்டும் நிற்க, பின்னால் வெறும் சேறு. மண்பூச்சும் சுண்ணாம்பு வெள்ளையும்தான் அதற்கு. பராமரிப்பு நின்றால் மண்வீட்டை எரிக்க நெருப்பு தேவையில்லை.

#10 பழம்படம்

மூன்றாவது கேள்விக்கு வருகிறேன். இதில் என் நிலை உறுதி: மறுபடி கட்டக்கூடாது என்று சொல்வது தவறு.

உதாரணம் அவர் பிறந்த வீடே. ஊலகாவில் 1870களில் கட்டிய மரவீடு. அணை கட்டி ஏரி வந்தபோது மூழ்க வேண்டியது. வீட்டைத் தூக்கி ஒரு கிலோமீட்டருக்கு மேல் தள்ளி மேட்டில் வைத்தார்கள். இடம் மாறிவிட்டது என்பதால் யாரும் அதைப் போலி என்று சொல்லவில்லை. ராஜர்ஸின் கல்லறைகூட முதலில் கலிஃபோர்னியாவில் இருந்து, 1944இல் ஓக்லஹோமாவின் கிளேர்மோர் ஊருக்கு மாற்றப்பட்டதுதான்.

நியூஹாலில் வில்லியம் ஹார்ட்டின் பண்ணையையும் பாருங்கள். மௌனப்பட கால மேற்கத்தியப் படங்களின் பெரிய நட்சத்திரம். 1921இல் பண்ணையை வாங்கி, 1920களிலேயே குன்றின்மேல் 22 அறையில் ஸ்பானியப் பாணி வீடு கட்டினார். மக்கள் காசு கொடுத்துத் தன் படம் பார்த்தார்கள், தன் வீடு அவர்களுக்கே போக வேண்டும் என்பது அவர் எண்ணம். லாஸ் ஏஞ்சலஸ் கவுன்டிக்கு, அதாவது மாவட்ட நிர்வாகத்துக்கு, எழுதிவைத்து 1946இல் இறந்தார். மகன் உயிலை எதிர்த்து வழக்குப் போட்டார், நிலைக்கவில்லை, 1958இல் பூங்கா திறந்தது. அவரது குதிரை ஃப்ரிட்ஸின் கல்லறை அங்கேயே இருக்கிறது. இன்று அங்கே மேயும் காட்டெருமைகள் ஹார்ட் காலத்தவை அல்ல. 1962இல் டிஸ்னி நிறுவனம் கொடுத்த எட்டின் வழி வந்தவை. பின்னால் சேர்ந்ததும் பண்ணையின் வரலாறாகிவிடுகிறது.

#11 வன்னிமரம்

ஹார்ட் வீட்டுக்கு ஓட்டுக்கூரை. அதிலும் கங்குக்கு வழி உண்டு, சொல்லிவிடுகிறேன்: கூரை ஓரத்தில் அரைவட்ட ஓட்டின் திறந்த வாய். பறவை கூடு கட்டும், சருகு சேரும், கங்கு உள்ளே போய்க் கைமரத்தைப் பிடிக்கும். ஒவ்வொரு வாயையும் சாந்து வைத்து அடைக்க வேண்டும்.

மறுபடி கட்டுவதில் என் கவலை வேறு. அகூரா ஹில்ஸ் பக்கம் பாரமவுன்ட் பண்ணை 2018 நவம்பரில் வூல்சி காட்டுத்தீயில் எரிந்தது. படப்பிடிப்புக்கான மேற்கத்திய ஊர் கிட்டத்தட்ட முழுதும் போயிற்று, தேவாலயமும் ரயில் நிலையமும் மட்டும் தப்பின. அதே மலைத்தொடர், அதே புதர், அதே காற்று. ராஜர்ஸ் வீட்டை அதே பலகையால், அதே இடத்தில், அதே இறவாரத்தோடு கட்டினால் அடுத்த தீக்கு அடுக்கிவைத்த மாதிரி ஆகும்.

#12 சுண்ணாம்புக்காரை

இரண்டு பேர் சொல்வதும் சேரும் இடம் இருக்கிறது. அமெரிக்க உள்துறையின் மரபுக்கட்டட நெறிகள் நான்கு வழிகளைப் பிரிக்கின்றன: இருப்பதை அப்படியே காத்தல், இன்றைய பயன்பாட்டுக்குத் தகவமைத்தல், ஒரு குறிப்பிட்ட காலத் தோற்றத்துக்கு மீட்டல், இல்லாமல் போனதை மறுபடி கட்டல். நான்காவதற்குத்தான் கட்டுப்பாடு மிக அதிகம். ஆவணமும் தடயமும் இருக்கும் அளவுக்கே கட்டலாம், ஊகம் கூடாது. இது புதிதாகக் கட்டியது என்று பார்ப்பவருக்குத் தெரிய வேண்டும். இந்த இரண்டாம் நிபந்தனையை ஏற்றுக்கொண்டால், வன்னிமரம் கேட்கும் மாற்றங்களுக்கு இடம் கிடைக்கிறது.

பலகைக்கு: அழுத்தத்தில் தீத்தடுப்பு உப்பு ஏற்றிய மரம். வெளிப்புறத்துக்கென்று தயாரித்த வகை வேண்டும். உள்வகையைப் போட்டால் சில மழையில் உப்பு கரைந்து போய்விடும், ஆணியும் அரிக்கும். மேலே தடவும் தீத்தடுப்புப் பூச்சு மலிவு, ஆனால் வெயிலில் செத்துவிடும். சில ஆண்டுக்கு ஒருமுறை மறுபடி பூசியாக வேண்டும், அதற்கு யார் பணம் ஒதுக்குவார்கள் என்பதை முதலிலேயே கேட்க வேண்டும். சிமென்ட் இழைப்பலகை எரியாது. ஆனால் அதன் விளிம்பு கூர்மையாக ஒரே மாதிரி இருக்கும், கிட்டப்போனால் பொய் தெரியும். கை எட்டும் உயரம்வரை மரம், அதற்குமேல் இழைப்பலகை என்று பிரிக்கலாம் என்று சொல்வோர் உண்டு. எனக்கு அதில் உடன்பாடு இல்லை. தீ முதலில் பிடிப்பதே சுவரின் அடியில்.

கூரைப் பள்ளங்களுக்கு அடியில் முழு அகல உலோகத்தகடு. இறவாரத்தின் அடிப்பக்கம் எரியாத பலகையால் மூடல். உள்ளே தெளிப்பான் குழாய், தனித் தொட்டி, மின்சாரம் போனாலும் ஓடும் பம்பு. காட்டுத்தீயில் முதலில் போவது மின்சாரமும் தெருக்குழாய் அழுத்தமும்தான்.

#13 மேய்ச்சல்நிலம்

வீடு கட்டினாலும் கட்டாவிட்டாலும் பண்ணையின் மற்ற பகுதி இருக்கிறதே, அதைப் பற்றி யாரும் பேசவில்லை. புல்வெளி மிஞ்சியது. இன்ஸ்பிரேஷன் பாயின்ட் என்ற காட்சிமுனைக்குப் போகும் பாதை, சாண்டா மோனிகா மலையை நெடுக்காகக் கடக்கும் 67 மைல் பாதையின் கிழக்கு முனை, மேசைபோன்ற மேட்டுநிலம், எந்த இடத்திலிருந்து எது தெரியும் என்று ராஜர்ஸ் வைத்த அமைப்பு எல்லாம் இன்னும் இருக்கின்றன. போலோ ஆட்டம் பல பத்தாண்டுகளாக அங்கே தொடர்ந்து நடந்து வந்தது. ஆட்டம் நடந்தால்தான் மைதானம் மைதானமாக இருக்கும். குளம்பு கிளப்பிய புல்கட்டியை ஆட்டத்தின் நடுவிலேயே மிதித்து உட்காரவைத்து, பிறகு மணலும் விதையும் போட்டு நிரப்பும் வேலை நின்றுவிட்டால் நிலம் மேடுபள்ளமாகிப் பூங்காப் புல்லாகிவிடும். என்னைக் கேட்டால் லாயத்தை முதலில் கட்ட வேண்டும், வீட்டை அடுத்து. குதிரை இருந்தால் பண்ணை, இல்லாவிட்டால் நல்ல காற்று வீசும் ஒரு மேடு.

#14 பழம்படம்

லாயம் முதலில் என்பதை ஏற்கிறேன். வட்டக் கூடத்துக்குப் புகைப்படங்கள் ஏராளம். வீட்டின் கூடம்தான் கடினம். தாம்புக்கயிறு சொன்ன உயர்த்திய கூரையின் சரியான உயரமும் சரிவும் தவறாமல் வர வேண்டும். அது தப்பினால் அந்த அறைக்கே பொருள் இல்லை.

#15 தாம்புக்கயிறு

ஆமாம். அரை மீட்டர் குறைந்தால்கூட அது வெறும் வரவேற்பறை.

#16 சுண்ணாம்புக்காரை

2006இல் முடிந்த சீரமைப்பின் ஆவணங்களில் முதலில் தேட வேண்டும். அதோடு நிற்காமல் தளத்திலேயே சரிபார்க்கவும் ஒரு வழி உண்டு. கூரையைத் துளைத்து வெளியேறும் கல் புகைபோக்கியில், கூரை சேர்ந்த இடத்தில் தகடு செருகிய வெட்டுக்கோடு இருக்கும். அந்தக் கோட்டுக்கு மேலே வெயிலும் மழையும் பட்ட கல், கீழே மச்சின் இருட்டில் இருந்த கல். இரண்டும் நிறத்தில் வேறு. உட்கூரை முட்டிய மட்டத்தில் பூச்சு நின்ற விளிம்பு இருக்கும், கட்டை உட்கார்ந்த குழி இருந்தால் அதில் கரிந்த முனையே இருக்கும். கூரையைப் பின்னால் உயர்த்தியிருந்தால் பழைய கோடும் புதிய கோடும் ஒன்றன்மேல் ஒன்றாக, இரண்டாகவே தெரிய வேண்டும்.

இவையெல்லாம் கரியும் நிறமுமாக மேற்பரப்பில் இருப்பவை. ஆகவே புகைபோக்கியை அளந்து, நான்கு பக்கமும் சாய்வெளிச்சத்தில் படமெடுத்து முடிக்கும்வரை யாரும் அதில் நீர் அடித்துக் கழுவக்கூடாது.